பாகன் பக்கம் திரும்பிய கேமரா

காராப்பூரும் தெப்பக்காடும் ஒரே காடுதான். கபினி ஆற்றங்கரையில் இருக்கிறது காராப்பூர். மாயாற்றங்கரையில் இருக்கிறது தெப்பக்காடு. நடுவில் நாகரஹொளே, பந்திப்பூர், முதுமலை என்று பெயர் மாறினாலும் மரம் அறுபடுவதில்லை. பறவை பறக்கும் வழியில் அளந்தால் ஐம்பது அறுபது கிலோமீட்டர் வரும். இந்தக் காட்டின் யானைப்பாகர்களை உலகம் திரையில் இரண்டு முறை ஆசையாகப் பார்த்திருக்கிறது. முதல் முறை 1937-இல், இரண்டாம் முறை 2022-இல். இரண்டுக்கும் நடுவே 85 ஆண்டுகள்.

முதல் கதை பலருக்கு மறந்துவிட்டது. ஆவணப்படத்தின் தந்தை என்று சொல்லப்படும் ராபர்ட் ஃபிளாஹர்டி 1935-இல் லண்டனிலிருந்து மைசூருக்கு வந்து இறங்கினார். கிப்ளிங் எழுதிய யானைப் பையன் கதையைப் படமாக்குவது திட்டம். மைசூர் மகாராஜா சித்தரஞ்சன் மஹாலையே தங்கக் கொடுத்தார். கதாநாயகனைத் தேடிய குழுவின் கண்ணில் பட்டவன் சாபு. காராப்பூரில் பிறந்தவன், வயது பதினொன்று இருக்கும். அப்பா பாகனாக இருந்து இறந்துபோக, அரண்மனை யானைக் கொட்டாரத்தில் வளர்ந்துகொண்டிருந்தவன். ஐராவதம் என்ற பெரிய ஆண் யானையின் கழுத்தில் அவனை உட்கார வைத்தார்கள். ஃபிளாஹர்டி சுமார் 55 மணி நேரம் ஓடக்கூடிய அளவுக்குச் சுருளைச் சுட்டுத் தள்ளினார். தயாரிப்பாளர் அலெக்சாண்டர் கோர்டாவுக்குப் பொறுமை போய்விட்டது. தன் தம்பி ஜோல்டான் கோர்டாவை வைத்து டென்ஹாம் ஸ்டுடியோவில் மீதிக் கதையை எடுத்து ஒட்டினார். ‘எலிஃபண்ட் பாய்’ என்ற அந்தப் படம் 1937-இல் வெளிவந்தது. அதே ஆண்டு வெனிஸ் விழாவில் இயக்கத்துக்கான பரிசையும் வாங்கியது.

சாபு லண்டனுக்குப் போனான், அங்கிருந்து ஹாலிவுட்டுக்கும் போனான். ‘தி தீஃப் ஆஃப் பாக்தாத்’தில் உலகப் புகழ் வந்தது. அமெரிக்கக் குடிமகனாகி, இரண்டாம் உலகப் போரில் குண்டுவீச்சு விமானத்தின் வால்பகுதித் துப்பாக்கியில் உட்கார்ந்து போரிட்டான். 1963-இல் 39 வயதில் மாரடைப்பில் இறந்தபோது அவன் கலிஃபோர்னியாவாசி. கடைசி வரை திரையில் அவனுக்குக் கிடைத்தவை பெரும்பாலும் காட்டுப் பையன், யானைப் பையன், தலைப்பாகை இளவரசன் வேடங்கள்தான். கேமரா அவனைக் காட்டிலிருந்து தூக்கிக்கொண்டு போனது. போன இடத்திலும் அவனைக் காட்டை விட்டு வெளியே விடவில்லை.

நம்ம ஊர் சினிமா பாகனை அந்த அளவுக்குக்கூடக் கவனிக்கவில்லை. சாண்டோ சின்னப்பா தேவரின் யானைப் படங்களை எடுத்துக்கொள்ளுங்கள். ‘தெய்வச் செயல்’ 1967-இல் வந்தது. அதே கருவைக் கொஞ்சம் விரித்து 1971-இல் ராஜேஷ் கன்னாவை வைத்து ‘ஹாத்தி மேரே சாத்தி’ எடுத்தார். இந்தி உலகமே திரும்பிப் பார்த்தது. மறுவருடம் அது எம்.ஜி.ஆருக்கு ‘நல்ல நேரம்’ ஆயிற்று. இந்தப் படங்களில் யானை எல்லா வேலையும் செய்யும். வில்லனை விரட்டும், வீட்டைக் காக்கும், கதாநாயகனுக்காகக் கண்ணீரும் விடும். அந்த யானைக்குக் கட்டளை கொடுத்த ஆள் எங்கே இருந்தார்? கேமராவுக்கு இந்தப் பக்கம் நின்றுகொண்டோ, யானையின் மறுபக்கம் குனிந்துகொண்டோ சட்டகத்துக்குள் வந்துவிடாமல் பார்த்துக்கொண்டிருந்தார். யானைப் படம் நன்றாக வந்திருக்கிறது என்றால் பாகன் நன்றாக ஒளிந்திருக்கிறார் என்று அர்த்தம்.

தேவரைக் குறை சொல்ல இதை எழுதவில்லை. மிருகங்களை அவர் அளவுக்கு நேசித்த தயாரிப்பாளர் தமிழில் இல்லை. அவர் மறைவுக்குப் பிறகு 1979-இல் அவர் நிறுவனம் எடுத்த ‘அன்னை ஓர் ஆலயம்’ குட்டி யானையைத் தாயிடமிருந்து பிரித்த பாவத்தைச் சுமக்கும் ஒருவனின் கதை. ரஜினிகாந்த் அந்தக் குட்டியைத் திரும்பக் கொண்டுபோய்ச் சேர்க்கப் படாத பாடு படுவார். குட்டி தாயிடம் சேர்ந்தால் படம் முடிந்துவிடும். நிஜக் காட்டில் அவ்வளவு சுலபமாக முடிவதில்லை என்பதைப் பின்னால் பார்ப்போம்.

2012-இல் வந்த ‘கும்கி’யில் பாகனே கதாநாயகன் ஆனான். பிரபு சாலமன் தன் பாகனுக்கு வைத்த பெயர் பொம்மன். நடித்தவர் விக்ரம் பிரபு. காட்டு யானையை விரட்ட வந்த பாகன் மலைக்கிராமத்துப் பெண்ணைக் காதலிக்கும் கதை, யானை துணைக்கு. பத்தாண்டு கழித்து நிஜப் பொம்மன் ஒருவர் தெப்பக்காட்டிலிருந்து திரைக்கு வரப்போகிறார் என்று அப்போது யாருக்குத் தெரியும்?

இனி தெப்பக்காடு. ஊட்டியிலிருந்து கல்லட்டி இறக்கத்தின் 36 கொண்டை ஊசி வளைவுகளைத் தாண்டி மசினகுடி வந்தால், அங்கிருந்து ஏழெட்டு கிலோமீட்டர். மைசூர் சாலையும் மசினகுடிச் சாலையும் சந்திக்கும் இடம். சில கட்டடங்கள், ஒரு பாலம், கீழே மாயாறு. நூறாண்டைக் கடந்த யானை முகாம் இங்கே இருக்கிறது. அன்று இது மரவேலை முகாம். வெட்டிய தேக்கையும் ஈட்டியையும் இழுத்து வரவும், லாரியில் ஏற்றவும் யானை வேண்டியிருந்தது. யானையை வேலைக்குப் பழக்க மனிதன் வேண்டியிருந்தது. காட்டை அறிந்த குறும்பரும் காட்டுநாயக்கரும் இருளரும் பாகனாகவும் காவடியாகவும் அரசாங்கப் பதிவேட்டில் ஏறினார்கள். பாகனுக்கு உதவியாக இருந்து தழை வெட்டி, சங்கிலி பார்த்து, இரவில் மேய விட்ட யானையை விடியலில் தேடிக் கொண்டுவருபவர் காவடி.

1940-இல் முதுமலை சரணாலயம் ஆனது. 2007-இல் புலிகள் காப்பகம் ஆனது. மரவேலை ஒழிந்தது. இப்போது முகாம் யானைகளில் சில கும்கிகள். ஊருக்குள் வந்துவிட்ட காட்டு யானையை விரட்டவும் பிடிக்கவும் லாரியில் ஏறி மாவட்டம் மாவட்டமாகப் போகின்றன. சில யானைகள் ஓய்வு பெற்றவை. சில அனாதைக் குட்டிகளாக வந்து வளர்ந்தவை. கேரளத்திலும் கூடலூர்ப் பக்கமும் பலரைக் கொன்று 1998-இல் பிடிபட்ட மூர்த்தி இங்கே வந்துதான் சாதுவானான். யானை மருத்துவர் வி. கிருஷ்ணமூர்த்தியின் வைத்தியம் அதற்குப் பெரிய காரணம். ஜெயமோகனின் ‘யானை டாக்டர்’ கதையைப் படித்தவர்களுக்கு அவரைத் தெரிந்திருக்கும். மூர்த்தி 2024-இல்தான் வயதாகிப் போய்ச் சேர்ந்தான்.

முகாமில் ஒரு காட்சியை நிதானமாகப் பார்க்க வேண்டும். காலையிலும் மாலையிலும் தீனி நேரம். கேழ்வரகையும் கொள்ளையும் அரிசியையும் தனித்தனியாக வேகவைத்து, பாத்தி கட்டினாற்போல் கட்டியாக ஆறவைத்திருப்பார்கள். எந்த யானைக்கு எது எத்தனை கிலோ என்று பலகையில் எழுதியிருக்கும். நோய்ப்பட்டதற்கு ஒரு கணக்கு, மதம் பிடித்ததற்கு வேறு கணக்கு. பாகன் தன் யானைக்குரிய கட்டியை வாங்கி மேடையில் போட்டு இரண்டு கையாலும் பிசைவார். வெல்லம், உப்பு, தேங்காய்த் துண்டு, தாதுப்பொடி எல்லாம் உள்ளே போகும். மனிதத் தலை பருமனில் ஓர் உருண்டை திரளும். யானை தும்பிக்கையை நெற்றிக்குத் தூக்கி வாயைத் திறக்க, முழங்கை வரை கையை உள்ளே விட்டு நாக்கின் மேல் வைத்துவிட்டு எடுப்பார். கம்பிக்கு இந்தப் பக்கம் நிற்கிற சுற்றுலாப் பயணிகளின் செல்போன் எல்லாம் யானையின் வாயைத்தான் பார்க்கும். அந்த முழங்கையைப் பார்க்கிறவர்கள் குறைவு.

கார்த்திகி கொன்சால்வெஸ் பார்த்தது அந்த முழங்கையை என்று சொல்லலாம்.

ஊட்டியில் வளர்ந்தவர். கோயம்புத்தூரில் டாக்டர் ஜி.ஆர். தாமோதரன் கல்லூரியில் காட்சித் தொடர்பியல் படித்து, ஊட்டிக்குத் திரும்பி லைட் அண்ட் லைஃப் அகாடமியில் புகைப்படம் கற்றவர். இயற்கை வரலாற்றுப் படங்களில் கேமரா வேலை பார்த்தவர். அவருக்குத் தெப்பக்காடு தூரதேசம் அல்ல. சிறுமியாக இருந்தபோதே குடும்பத்தோடு வந்து பார்த்துப் பழகிய முகாம். 2017-இல் பெங்களூரிலிருந்து ஊட்டிக்குக் காரில் வந்துகொண்டிருந்தபோது சாலையோரம் ஒரு பாகனும் குட்டி யானையும் நடந்து போவதைப் பார்த்திருக்கிறார். வண்டியை நிறுத்தினார். குட்டியின் பெயர் ரகு. தாய் மின்வேலியில் சிக்கி இறந்துபோக, உடம்பெல்லாம் காயமாக ஒசூர்ப் பக்கத்திலிருந்து கொண்டுவரப்பட்டவன். பாகன் பெயர் பொம்மன். அன்று நின்ற வண்டி ஐந்து ஆண்டு நின்றது. படம்பிடித்தது 450 மணி நேரம். படத்தின் நீளம் நாற்பது நிமிடம் சொச்சம். வைத்துக்கொண்ட ஒவ்வொரு நிமிடத்துக்கும் ஏறத்தாழ பதினோரு மணி நேரம் எடுத்திருக்கிறார். ஃபிளாஹர்டியின் 55 மணி நேரமே அந்தக் காலத்தில் ஊதாரித்தனம் என்று ஏச்சு வாங்கியது. சுருள் போய் மெமரி கார்டு வந்ததால் கிடைத்த வசதி இது என்றாலும், ஐந்து வருடம் ஒரே இடத்துக்குத் திரும்பத் திரும்ப வர எந்த மெமரி கார்டும் சொல்லித் தராது.

‘தி எலிஃபண்ட் விஸ்பரர்ஸ்’ 2022 டிசம்பர் 8-ஆம் தேதி நெட்ஃபிளிக்ஸில் வந்தது. குனீத் மோங்காவின் சிக்யா என்டர்டெயின்மென்ட் தயாரிப்பு. 2023 மார்ச்சில் சிறந்த ஆவணக் குறும்படத்துக்கான ஆஸ்கார் கிடைத்தது. இந்தியத் தயாரிப்பு ஒன்று அந்தப் பிரிவில் வென்றது அதுவே முதல் முறை.

படத்தின் தொடக்கத்தில் பொம்மன் விடியலில் எழுந்து காட்டுக்குள் போகிறார், ரகுவைப் பேர் சொல்லிக் கூப்பிடுகிறார். குட்டி வருகிறது. ஆற்றில் இறக்கித் தேய்த்துக் குளிப்பாட்டுகிறார். ஐம்பது வருடத்து யானைப் படங்களில் வராத விஷயம் இதற்குள் இருக்கிறது: யானையைத் தேடிப் போகிற மனிதனின் பின்னாலேயே கேமரா போகிறது. குட்டியை எப்போது பார்ப்போம் என்ற நம்முடைய ஆவலை அவருடைய நடையின் வேகத்துக்குக் கட்டிப்போட்டுவிடுகிறது. பெள்ளி வருகிறபோது அது இன்னும் தெளிவாகிறது. கணவரைப் புலிக்குப் பறிகொடுத்தவர், மகளையும் இழந்தவர். அவர் தன் துயரத்தைப் பற்றிப் பேசுகிற இடங்களில் இசைகூட ஒதுங்கி நிற்கிறது. ரகுவும் அடுத்து வந்த அம்முவும் அவர் மடியில் வந்து விழுந்த பிள்ளைகள். குட்டிகளை வளர்க்கிற வேலையில் பொம்மனும் பெள்ளியும் நெருங்கி, யானைகள் சாட்சியாகக் கல்யாணம் செய்துகொள்கிறார்கள். பொம்மன் முகாமின் பிள்ளையார் கோயிலில் பூசாரியும்கூட. தன்னைப் பற்றி அவர் சொல்லிக்கொள்கிறபோது பாகன், பூசாரி, காட்டுநாயக்கர் மூன்றும் ஒரே மூச்சில் வருகின்றன. அடையாளம் என்று கருத்தரங்குகளில் மணிக்கணக்காகப் பேசுவதை அவர் அடுப்பங்கரைப் பேச்சாகச் சொல்லி முடித்துவிடுகிறார்.

தமிழில் தன்னைத் தேடிப் படம் எடுத்தவர்கள் வேறு வழியில் போனவர்கள். ஆர்.வி. ரமணி ‘மை கேமரா அண்ட் சுனாமி’யில் கடலுக்குப் பறிகொடுத்த தன் கேமராவையே கதாபாத்திரம் ஆக்கினார். லீனா மணிமேகலை ‘செங்கடல்’ படத்தில் படமெடுக்க வந்த பெண்ணாகத் தானே நடித்தார். ‘மாடத்தி’யில் புதிரை வண்ணார் சமூகத்தின் வலியைத் தெய்வக் கதையாக மாற்றினார். படைப்பாளி இவற்றில் பெரும்பாலும் சட்டகத்துக்குள் நிற்பார், அல்லது குரலாகவாவது நுழைவார். கார்த்திகி நிற்கவில்லை. அவர் முகம் இல்லை, குரல் இல்லை, விவரிப்பாளர் இல்லை. பேசுகிறவர்கள் பொம்மனும் பெள்ளியும் மட்டும். நீலகிரியில் பிறந்த பெண், தன் மலையைப் பற்றித் தான் ஒன்றும் சொல்லாமல் அந்த மலைக்கு மூத்தவர்களைச் சொல்லவைத்திருக்கிறார். அவருடைய சோதனை முயற்சி என்று நான் எண்ணுவது இதைத்தான். கேமரா நகர்வும் பளபளப்பும் வழக்கமான நெட்ஃபிளிக்ஸ் பாணி. கருங்குரங்கும் ஆந்தையும் தேனீயும் அழகாக வந்து போகின்றன. சோதனைப் பட ரசிகர்கள் அதைப் பார்த்து முகம் சுளிக்கலாம். சுளிக்க நியாயமும் உண்டு.

இதற்கு முன்னோடி என்று ஒருவரைச் சொல்வதானால் சினிமாவில் தேட வேண்டாம். மா. கிருஷ்ணன் இருக்கிறார். நாவலாசிரியர் அ. மாதவையாவின் மகன். உதிரிபாகங்களை ஒட்டித் தானே கட்டிக்கொண்ட கேமராவுக்கு ‘சூப்பர் பாண்டரோசா’ என்று கிண்டலாகப் பெயர் வைத்து, முதுமலையின் முகாம் யானை மேல் ஏறிப் போய்க் காட்டு யானைகளைக் கறுப்பு வெள்ளையில் எடுத்தவர். வனத்தில் மனிதன் எவ்வளவு குறைவாகத் தெரிகிறானோ அவ்வளவு நல்லது என்ற கட்சி அவருடையது. அந்தப் படங்களின் கண் உயரம் எங்கிருந்து வந்தது? அவருக்கு முன்னால், யானையின் கழுத்தில் உட்கார்ந்திருந்த பாகன் போன வழியிலிருந்து வந்தது. கிருஷ்ணனுக்கு அது தெரியும். அந்தக் காலத்துக் கானுயிர்ப் படங்கள் பலவும் இப்படிப் பாகன் முதுகுக்குப் பின்னால் உட்கார்ந்து எடுத்தவைதான். கார்த்திகி இறங்கி வந்து முன்னால் நின்று எடுத்தார்.

ஆனாலும் படம் விட்டுவிட்டது ஒன்று உண்டு. கொஞ்சம் வளர்ந்ததும் ரகுவை இவர்களிடமிருந்து எடுத்து வேறு பாகனிடம் ஒப்படைக்கிறார்கள். பெள்ளியின் கண்ணீரும், அம்மு சாப்பிடாமல் ஏங்குவதும் நெஞ்சைப் பிசைகின்றன. முடிவெடுத்தது வனத்துறை. ஏன் எடுத்தது, இவர்களைக் கேட்டார்களா, ஒரு பாகனுக்குத் தன் யானை மேல் என்ன பாத்தியதை என்ற கேள்விக்குள் படம் போகவில்லை. புலிகள் காப்பகம் ஆன பிறகு முதுமலைக்குள்ளிருந்த ஊர்களிலிருந்து குடும்பங்கள் இழப்பீடு கொடுத்து வெளியே மாற்றப்பட்டதும் இல்லை. 2006-இன் வன உரிமைச் சட்டமும் இல்லை. தமிழ்நாட்டில் மிகவும் நலிந்த பழங்குடிகள் என்று அரசு பட்டியலிட்ட ஆறு சமூகங்களும் நீலகிரியில் இருக்கின்றன. தோடர், கோத்தர், குறும்பர், இருளர், பணியர், காட்டுநாயக்கர். அவர்களுக்கும் காட்டுக்கும் உள்ள உறவு பாசம் மட்டும்தான் என்று வெளிநாட்டில் படம் பார்த்தவர் எண்ணினால் அவரைக் குற்றம் சொல்ல முடியாது. அனுமதி கொடுத்த துறையைச் சங்கடப்படுத்தாமல் ஐந்து ஆண்டு படம் எடுப்பதற்கு இது விலையாக இருந்திருக்கலாம். அது என் ஊகம் மட்டுமே.

ஆஸ்கார் அறிவித்தபோது பொம்மன் தெப்பக்காட்டில் இல்லை. தர்மபுரிப் பக்கம் தாயைப் பிரிந்த குட்டி ஒன்றின் வேலையாகப் போயிருந்தார். செய்தியாளர்கள் முகாமுக்கு ஓடிவந்து பெள்ளியைத்தான் பிடித்தார்கள். அந்தப் பகுதியில் கிணற்றில் விழுந்து மீட்கப்பட்ட குட்டியைக் கூட்டத்தோடு சேர்க்க முயன்றும் முடியாமல், அந்த மாதமே தெப்பக்காட்டுக்குக் கொண்டுவந்து இவர்களிடம் கொடுத்தார்கள். மார்ச் முடிவதற்குள் அது வயிற்றுக் கோளாறில் இறந்துவிட்டது. உலகமே கொண்டாடிய வளர்ப்புக் கைகளில்தான் இது நடந்தது. தாய்ப்பால் இல்லாத யானைக்குட்டி பிழைப்பது எவ்வளவு அரிது என்று பாகர்களுக்குத் தெரியும். ரகுவும் அம்முவும் விதிவிலக்குகள். ‘அன்னை ஓர் ஆலயம்’ மாதிரி கடைசி ரீலில் தாய் வந்து அழைத்துப் போகாது. இந்தச் செய்தி பத்திரிகைகளில் ஒரு நாள் வந்து மறுநாள் போய்விட்டது.

மற்றது எல்லாம் தடபுடலாக நடந்தது. முதலமைச்சர் ஸ்டாலின் பொம்மனுக்கும் பெள்ளிக்கும் தலா ஒரு லட்சம் கொடுத்தார். தெப்பக்காட்டிலும் ஆனைமலையின் கோழிகமுத்தி யானை முகாமிலும் வேலை செய்யும் 91 பேருக்கும் தலா ஒரு லட்சம், வீடு கட்ட 9.10 கோடி ரூபாய் என்று அறிவிப்பு வந்தது. இயக்குநருக்கு ஒரு கோடி. ஏப்ரலில் பிரதமர் வந்தார், ஆகஸ்டில் குடியரசுத் தலைவர் வந்தார். பெள்ளிக்கு அதே ஆகஸ்டில் தற்காலிகக் காவடியாகப் பணி ஆணை கிடைத்தது. தமிழ்நாட்டின் முதல் பெண் காவடி. ஆணை வருவதற்கு எத்தனையோ வருடம் முன்பே அவர் செய்துகொண்டிருந்த வேலைதான் அது. பாகர்களுக்கான புது வீடுகள் 2025-இல் திறக்கப்பட்டன. விழா மேடைப் படங்களைவிட இந்த வீடுகளுக்குத்தான் நான் மதிப்பெண் போடுவேன். ஒரு குறும்படம் சுவரும் கூரையுமாக மாறுவது அடிக்கடி நடக்கிற காரியம் இல்லை.

இந்தப் பரபரப்புக்குச் சற்று முன்னால் இன்னொன்றும் நடந்தது. தமிழ்நாட்டு முகாம்களிலிருந்து 13 பாகர்களையும் காவடிகளையும் யானை பராமரிப்புப் பயிற்சிக்கென்று தாய்லாந்துக்கு அனுப்பினார்கள். தலைமுறை தலைமுறையாக யானையோடு வாழ்கிறவர்களுக்கு விமானம் ஏறிப் போய்ப் பாடமா என்று அப்போது கேட்டவர்கள் உண்டு. போகட்டும், நாலு இடம் பார்த்து வந்தால் நல்லதுதான். ஆனால் அங்கிருந்து யாரையாவது இங்கே கற்றுக்கொள்ள வரவழைக்கலாம் என்று எந்த அதிகாரிக்கும் தோன்றியதாகத் தெரியவில்லை.

முகாமுக்கு வருகிற கூட்டம் மாறிவிட்டது. முன்பெல்லாம் “எந்த யானை பெரிசு?” என்று கேட்டார்கள். இப்போது வண்டியை விட்டு இறங்கும்போதே “ரகு எதுங்க?” என்கிறார்கள். “பொம்மன் அண்ணன் இருக்காரா, ஒரு போட்டோ எடுத்துக்கலாமா?” என்று கேட்கிறார்கள். இருந்தால் நிற்க வேண்டும். நின்றால் அடுத்த குடும்பம் வரும். யானைக்குத் தீனி நேரம் காத்திருக்கும். பேர் தெரியாத பாகனாக இருந்த காலத்தில் இல்லாத ஒரு வேலை இது, சம்பளப் பட்டியலில் வராதது. மற்ற பாகர்களின் பெயர் இன்னமும் யாருக்கும் தெரியாது. ஒளிந்திருந்தவர்களில் இரண்டு பேர் வெளிச்சத்துக்கு வந்திருக்கிறார்கள், அவ்வளவுதான்.

வந்த வெளிச்சத்துக்குள் ஒரு தகராறும் முளைத்தது. 2023 ஆகஸ்டில் பொம்மன், பெள்ளி சார்பில் படத் தரப்புக்கு வழக்கறிஞர் நோட்டீஸ் போனது. வாக்களித்த உதவி வந்து சேரவில்லை என்பது அதன் சாரம், கேட்ட தொகை இரண்டு கோடி. படத் தரப்பு அதை மறுத்தது. யார் பக்கம் நியாயம் என்று தீர்ப்பு எழுத எனக்கு ஆதாரமும் இல்லை, ஆசையும் இல்லை. ஆனால் இப்படி ஒரு கேள்வி எழுந்ததே அன்றைக்கும் இன்றைக்கும் உள்ள வித்தியாசம். ‘எலிஃபண்ட் பாய்’ வந்தபோது காராப்பூர்ப் பாகர்கள் யாரும் லண்டனுக்கு நோட்டீஸ் அனுப்பியிருக்க முடியாது. ஓர் ஆவணப்படத்தில் தன் வாழ்க்கையைக் கொடுக்கிறவருக்கு என்ன சேர வேண்டும் என்பதற்கு உலகத்தில் எங்கேயும் எழுதிவைத்த கணக்கு கிடையாது. காசு கொடுத்தால் நடிப்பாகிவிடும் என்று பழைய ஆவணப்படக்காரர்கள் சொல்வார்கள். வாங்குகிற இடத்தில் இருப்பவர் அதை எப்படிக் கேட்பார் என்று அவர்கள் யோசித்ததில்லை.

மலைக்கு அந்தப் பக்கம், வயநாட்டில், இதற்கு வேறொரு விடையைத் தேடியவர் கே.ஜே. பேபி. நடவயலில் ‘கனவு’ என்ற பெயரில் பழங்குடிப் பிள்ளைகளுக்குப் பள்ளி நடத்தியவர்; காட்டுநாயக்கர் வாழ்வை வைத்து ‘குடா’ என்று ஒரு படமும் எடுத்தார். 2024-இல் மறைந்தார். அந்தப் பள்ளியில் படித்த பணியர் பெண் லீலா சந்தோஷ் தானே கேமரா எடுத்து ஆவணப்பட இயக்குநர் ஆகிவிட்டார். இங்கே கோத்தகிரியில் கீஸ்டோன் அறக்கட்டளையின் சமூக வானொலியில் பழங்குடி இளைஞர்கள் தங்கள் மொழிகளில் நிகழ்ச்சி நடத்துகிறார்கள். ஒலி வந்துவிட்டது. படம் வர வேண்டியிருக்கிறது. காட்டுநாயக்கர் ஒருவர் தன் வீட்டு மொழியில், தன் கணக்கில், தன் பெரியப்பாவின் யானையைப் பற்றி எடுக்கிற படத்தில் வனத்துறையும் வரும், சண்டையும் வரும், ஒருவேளை கருங்குரங்கு அவ்வளவு அழகாக வராது. அந்தப் படத்தைப் பார்க்க எனக்கு ஆசை.

தெப்பக்காட்டுப் பிள்ளைகள் கையிலும் இப்போது செல்போன் இருக்கிறது. அப்பா யானையைக் குளிப்பாட்டுவதை எடுத்துப் பாட்டு சேர்த்து ரீல்ஸ் போட அவர்களுக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை. அதற்கு மேல் போய், முறையான கேமராவும் மைக்கும் வைத்துக் காட்டுக்குள் ஒரு படம் எடுக்க வேண்டுமென்றால் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டம் 28-ஆம் பிரிவு குறுக்கே வருகிறது. சரணாலயத்துக்குள் புகைப்படம் எடுக்கவும் படமெடுக்கவும் தலைமை வனஉயிரினக் காப்பாளரின் அனுமதி வாங்க வேண்டும். மனு, திரைக்கதைச் சுருக்கம், கட்டணம். மும்பையிலிருந்து வருகிற நிறுவனத்துக்கு இது அலுவலக உதவியாளர் பார்த்துக்கொள்கிற காகித வேலை. பாகன் வீட்டுப் பையனுக்கு அந்த மனுவை யார் எழுதித் தருவது, சென்னைக்கு யார் கொண்டுபோவது, கட்டணத்தை யார் கட்டுவது என்பதையெல்லாம் ஆஸ்காருக்குப் பிறகு முகாமுக்கு வந்துபோன எந்தத் தலைவரும் அறிவிக்கவில்லை.